ஆசிரியர் நாற்காலியை விட்ட பிறகு: பல்கலைக்கழகமா, அறக்கட்டளையா?

தமிழில் நாளிதழ் நடத்துபவருக்கும் ஆசிரியர் என்றுதான் பெயர், வகுப்பு எடுப்பவருக்கும் ஆசிரியர் என்றுதான் பெயர். ஒரு பத்திரிகை ஆசிரியர் பல்கலைக்கழகத்துக்குப் போகிறார் என்றால் பக்கத்து அறைக்குப் போவதுபோல நமக்குத் தோன்றுவதற்கு இந்த ஒரே சொல்லும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன். ஆனால் இரண்டு வேலைக்கும் நடுவே உள்ள தூரம் பெரியது.

போன மாதம் என் பழைய ஆசிரியர் போனில் அழைத்தார். பக்கம் போடுவதையும் தலைப்பு வைப்பதையும் எனக்குக் கற்றுக்கொடுத்தவர். வயது ஐம்பத்து நான்கு. ஒரே வாரத்தில் அவருக்கு இரண்டு அழைப்புகள் வந்திருந்தன. ஒரு தனியார் பல்கலைக்கழகம் தன் ஊடகவியல் துறைக்குத் தலைவராகக் கூப்பிடுகிறது. மாவட்டச் செய்திகளுக்காக இணையதளம் தொடங்கவிருக்கும் ஓர் அறக்கட்டளை இயக்குநராக வரச் சொல்கிறது. "தம்பி, நீ ரெண்டுலயும் இருந்து பார்த்தவன். மறைக்காம சொல்லு" என்றார்.

அன்று போனில் சொன்னது போதாது. டெஸ்க்குகள் சுருங்கிக்கொண்டே வரும் காலத்தில் இதே கேள்வியோடு இன்னும் பலர் இருப்பார்கள் என்பதால் விரிவாகவே எழுதுகிறேன்.

என் முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். செய்ய வேண்டிய செய்திகள் மனதில் இன்னும் மிச்சம் இருந்தால் அறக்கட்டளைக்குப் போகலாம், அதன் பணம் எங்கிருந்து வருகிறது என்று பார்த்த பிறகு. செய்தி போதும், இனி ஆட்களை உருவாக்க வேண்டும் என்று தோன்றினால் பல்கலைக்கழகம். ஆனால் அங்கே பாடம் நடத்தப் போக வேண்டும். நிர்வாகம் பார்க்கப் போவதை நான் மூன்றாவது இடத்தில்தான் வைப்பேன்.

பல்கலைக்கழகத்திலிருந்து தொடங்குகிறேன். தலைமைப் பதவியில் ஓர் ஆசிரியர் எவ்வளவு நல்லது செய்ய முடியும் என்பதற்கு எனக்குத் தெரிந்த சிறந்த உதாரணம் ஆலன் ரஸ்பிரிட்ஜர். 1995 முதல் 2015 வரை இருபது ஆண்டுகள் பிரிட்டனின் 'தி கார்டியன்' நாளிதழ் ஆசிரியராக இருந்தவர். விக்கிலீக்ஸ் கசியவிட்ட ரகசிய ஆவணங்களும், அமெரிக்க உளவு வேலைகளை எட்வர்ட் ஸ்னோடென் அம்பலப்படுத்திய விவகாரமும் அவர் காலத்தில் வந்தவை. அங்கிருந்து நேராக ஆக்ஸ்போர்டின் லேடி மார்கரெட் ஹால் கல்லூரிக்கு முதல்வராகப் போனார். அடுத்த ஆண்டே, 2016-ல், அந்தக் கல்லூரி ஓர் அடித்தள ஆண்டுப் படிப்பைத் தொடங்கியது. வசதியில்லாத பின்னணியிலிருந்து வரும், திறமை இருந்தும் வழக்கமான மதிப்பெண்ணை எட்ட முடியாத பிள்ளைகளை ஓராண்டு தயார்ப்படுத்தி ஆக்ஸ்போர்டு படிப்புக்கு அனுப்பும் திட்டம் அது. டப்ளின் டிரினிட்டி கல்லூரி செய்து காட்டியதைப் பார்த்துத் தொடங்கியது. மூன்று ஆண்டுகள் கழித்துப் பல்கலைக்கழகமே அதே பாணியில் பெரிய திட்டத்தை அறிவித்தது.

இதில் ஓர் ஆசிரியரின் கண் தெரிகிறது. வேறு யாரோ செய்த நல்ல காரியத்தைக் கண்டுபிடித்து, நம் இடத்துக்கு ஏற்றபடி மாற்றி, துணிந்து முதலில் போடுவது. ஆனால் வேகத்தைக் கவனியுங்கள். பத்திரிகையில் காலை மீட்டிங்கில் பேசியது மறுநாள் விடியலில் வாசகர் கையில் இருக்கும். கல்லூரியில் ஒரு விதை பல்கலைக்கழகம் முழுக்கப் பரவ ஆண்டுகள் ஆகின்றன, அதுவும் எல்லாம் சரியாக அமைந்தால்தான். ரஸ்பிரிட்ஜரே 2021-ல் கல்லூரியை விட்டு 'பிராஸ்பெக்ட்' இதழின் ஆசிரியராகத் திரும்பிவிட்டார் என்பதையும் சேர்த்தே பார்க்க வேண்டும்.

நம் ஊரில் அந்த வேகம் இன்னும் குறைவு. நான் இருந்த கல்லூரியில் நீதிமன்றச் செய்தி எழுதுவது பற்றி ஒரு தாள் சேர்க்க விரும்பினேன். ஊடகவியல் படித்துவிட்டு வருகிற பிள்ளைக்கு முன்ஜாமீனுக்கும் ஜாமீனுக்கும் வித்தியாசம் தெரியாமல் இருப்பது எனக்குப் பொறுக்கவில்லை. பாடத்திட்டக் குழு, அதன் பிறகு கல்விக்குழு, அதில் எழுப்பிய கேள்விகளுக்குத் திருத்தம், மறுபடி குழு என்று பதினான்கு மாதம் ஆனது. தாள் வந்தபோது அதை ஆசையாகக் கேட்டிருந்த மாணவர்கள் படித்து முடித்துப் போயிருந்தார்கள். குழுக்களில் இருந்தவர்கள் கெட்டவர்கள் இல்லை. அந்த அமைப்பு அவசரத்துக்காகக் கட்டப்பட்டதில்லை, அவ்வளவுதான்.

துறைத் தலைவர் என்றால் மற்றொரு சுமையும் சேரும். கல்வி நிறுவனங்களுக்குத் தர மதிப்பீடு போடும் நாக் குழு வரும் வருடம் முழுக்கக் கோப்புகள். சேர்க்கைக் காலத்தில் எத்தனை இடம் நிரம்பியது என்ற கணக்கு. தனியார் நிறுவனத்தில் அந்த எண்ணிக்கைதான் நிஜமான தலையங்கம். வகுப்புக்கு என்று போனவர் வாரத்தில் நான்கு மணி நேரம் வகுப்பில் நின்றால் அதுவே பெரிது.

அப்புறம், பேச்சுச் சுதந்திரம். பத்திரிகையில் முதலாளி இருப்பார், விளம்பரதாரர் இருப்பார். அவர்களோடு முட்டி மோதி எவ்வளவு இடம் கிடைக்கும் என்பது ஆசிரியருக்குத் தெரியும். பல்கலைக்கழகத்தில் அந்த எல்லை எங்கே இருக்கிறது என்று முட்டிய பிறகுதான் தெரியும். அசோகா பல்கலைக்கழகத்தில் துணைவேந்தராகவே இருந்த பிரதாப் பானு மேத்தா, பேராசிரியர் பதவியிலிருந்து 2021 மார்ச்சில் விலகினார். நாளிதழில் தொடர்ந்து எழுதிக்கொண்டிருந்தவர் அவர். தன் தொடர்பு பல்கலைக்கழகத்துக்கு அரசியல் பாரமாகப் பார்க்கப்படுகிறது என்று விலகல் கடிதத்தில் எழுதியிருந்தார். என்னைப் போனில் அழைத்த ஆசிரியரை நான் அண்ணன் என்றுதான் சொல்வேன்; அவரும் வாராவாரம் பத்தி எழுதுகிறவர். சேர்ந்த பிறகும் எழுதலாமா, யாரிடமாவது காட்டிவிட்டு எழுத வேண்டுமா என்பதைப் பணி நியமனக் கடிதத்திலேயே எழுதி வாங்கச் சொன்னேன்.

பாடம் மட்டும் நடத்தப் போகிறவருக்கு இப்போது ஒரு நேர் வழி இருக்கிறது. பல்கலைக்கழக மானியக் குழு 2022-ல் 'புரொஃபசர் ஆஃப் பிராக்டிஸ்' என்ற பதவிக்கு வழிகாட்டு நெறிகள் கொண்டுவந்தது. முனைவர் பட்டம் தேவையில்லை, துறையில் பதினைந்து ஆண்டு அனுபவம் போதும். முப்பது வருடம் பத்திரிகையில் இருந்துவிட்டு, பிஎச்.டி. இல்லை என்ற ஒரே காரணத்தால் 'விருந்தினர் விரிவுரையாளர்' என்று மணிக்கணக்கில் காசு வாங்கிய எத்தனையோ பேரை எனக்குத் தெரியும். அவர்களுக்கு இது மரியாதை தரும் மாற்றம். ஆனால் ஒரு நிறுவனத்தில் மூன்று ஆண்டுகள், மிஞ்சிப்போனால் நான்கு; அதற்கு மேல் கிடையாது. ஐம்பத்து நான்கில் சேர்ந்தால் ஐம்பத்தெட்டில் மறுபடி வேலை தேட வேண்டும். வீட்டுக்கடன் பாக்கி இருப்பவர் இந்தக் கணக்கைப் போட்டுப் பார்க்காமல் கையெழுத்துப் போடக் கூடாது.

பாடம் நடத்தப் போனவர்களில் எனக்கு மிகவும் பிடித்தவர் ஜீன் ராபர்ட்ஸ். 1972 முதல் 1990 வரை 'பிலடெல்பியா இன்குவயரர்' ஆசிரியர். அவர் இருந்த பதினெட்டு ஆண்டுகளில் அந்தப் பத்திரிகை, அமெரிக்க இதழியலின் உயர்ந்த விருதான புலிட்சர் பரிசுகளைப் பதினேழு முறை வாங்கியது. செலவைக் குறைக்கச் சொல்லி நிர்வாகம் தந்த நெருக்கடி முற்றியபோது விலகி, மேரிலாந்து பல்கலைக்கழகத்தில் பாடம் நடத்தப் போனார். 1994-ல் 'நியூயார்க் டைம்ஸ்' நிர்வாக ஆசிரியராக அழைத்தது. போனார், மூன்று ஆண்டு பார்த்தார், மறுபடி வகுப்பறைக்கே வந்துவிட்டார். அமெரிக்கத் தென்மாநிலங்களின் சிவில் உரிமைப் போராட்டத்தைப் பத்திரிகைகள் எப்படி எழுதின என்பது பற்றி ஹாங்க் கிளிபனாஃபோடு சேர்ந்து அவர் எழுதிய வரலாற்று நூலுக்கு 2007-ல் புலிட்சர் கிடைத்தது. டெஸ்க்கில் இருந்தபடி அப்படியொரு புத்தகத்தை எழுதி முடித்திருக்க முடியும் என்று எனக்குத் தோன்றவில்லை. பல்கலைக்கழகம் ஆசிரியருக்குத் தரும் பெரிய செல்வம் நேரம்தான். தலைமைப் பதவி அந்த நேரத்தைத்தான் முதலில் பிடுங்கிக்கொள்கிறது.

இனி அறக்கட்டளை. இங்கேதான் எனக்கு அதிகம் சொல்ல இருக்கிறது.

பால் ஸ்டைகர் 'வால் ஸ்ட்ரீட் ஜர்னல்' செய்திப் பிரிவைப் பதினாறு ஆண்டுகள் நடத்தியவர். 2007 இறுதியில் விலகி, 'புரோபப்ளிகா' என்ற லாப நோக்கமற்ற புலனாய்வு அமைப்பைத் தொடங்கினார். ஹெர்பர்ட், மரியன் சாண்ட்லர் தம்பதி ஆண்டுக்குச் சுமார் ஒரு கோடி டாலர் தருவதாக முன்வந்திருந்தார்கள். 2010-ல் அது வாங்கிய புலிட்சர், இணையச் செய்தி அமைப்பு ஒன்று வாங்கிய முதல் புலிட்சர்களில் ஒன்று. கத்ரீனா புயலின்போது நியூ ஆர்லியன்ஸ் மருத்துவமனை ஒன்றில் மருத்துவர்கள் எடுத்த முடிவுகளைப் பற்றிய அந்தக் கட்டுரை 'நியூயார்க் டைம்ஸ்' இதழோடு சேர்ந்து வெளியிடப்பட்டது. ஸ்டைகர் செய்ததில் நான் இன்னொன்றை உயர்வாக நினைக்கிறேன். ஐந்து ஆண்டு முடிந்ததும் பொறுப்பை ஸ்டீபன் எங்கல்பெர்க், ரிச்சர்ட் டோஃபல் இருவரிடமும் ஒப்படைத்துவிட்டு ஒதுங்கினார். ஆசிரியப் பணி ஒருவரிடம், நிர்வாகமும் பணமும் இன்னொருவரிடம். இந்தப் பிரிவினையை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், திரும்ப வருகிறேன்.

இந்தியாவில் பி. சாய்நாத். 'தி இந்து'வில் பத்தாண்டுகள் ஊரக விவகார ஆசிரியராக இருந்துவிட்டு, 2014-ல் வெளியே வந்து அதே டிசம்பரில் 'பாரி' என்ற ஊரக இந்திய மக்கள் ஆவணத்தைத் தொடங்கினார். கைத்தறி நெசவாளர், உப்பளத் தொழிலாளி, கரும்பு வெட்டப் போகும் குடும்பம் என்று நாளிதழ்ப் பக்கத்தில் ஒரு பத்திக்கு மேல் இடம் கிடைக்காதவர்களின் வாழ்க்கை அங்கே முழு நீளத்தில், தமிழ் உட்படப் பல மொழிகளில் இருக்கிறது. வாசகர்களும் தன்னார்வலர்களும் தாங்கி நிற்கும் அமைப்பு அது. அவர் இதழியல் மாணவர்களுக்குப் பாடம் நடத்துவதையும் விடவில்லை. சென்னை ஆசிய இதழியல் கல்லூரியில் அவரிடம் படித்தவர்கள் இன்று பல செய்தி அறைகளில் இருக்கிறார்கள். பல்கலைக்கழகமா அறக்கட்டளையா என்ற கேள்வியை அப்படியே ஒதுக்கிவிட்டு இரண்டையும் செய்ய முடியும் என்பதற்கு இவரே சாட்சி.

வேலை தொடர்கிறது, செய்தி நம் கையில் இருக்கிறது, சுதந்திரமும் இருக்கிறது. அப்படியானால் தயக்கம் எதற்கு?

பணம்தான். ஆசிரியராக இருந்தபோது நம்மைக் காத்தது ஒரு சுவர். விளம்பரப் பிரிவு தனி, ஆசிரியர் குழு தனி. அந்தச் சுவரில் ஓட்டை விழுந்தபோதெல்லாம் நாம் சண்டை போட்டோம். பல நேரம் தோற்றோம், ஆனாலும் சுவர் இருக்கிறது என்ற நம்பிக்கையோடு வேலை பார்த்தோம். அறக்கட்டளை இயக்குநராக உட்கார்ந்த முதல் மாதமே தெரிந்துவிடும், இங்கே சுவரின் இரண்டு பக்கமும் நாமே நிற்கிறோம் என்று. காலையில் ஒரு நன்கொடையாளருக்கு முன்மொழிவு எழுதுகிறோம். மாலையில் அவருடைய நண்பரின் ஆலைக்கழிவு பற்றிய செய்தி மேசைக்கு வருகிறது. யாரும் எதுவும் சொல்லவில்லை. ஆனாலும் அந்தச் செய்தியை மற்ற செய்திகளைவிட இரண்டு தடவை கூடுதலாகச் சரிபார்க்கச் சொல்கிறோம். எனக்கு இது நடந்தது. செய்தி வந்துவிட்டது, ஆனால் நான் அந்தக் கூடுதல் தடவைகளை மறக்கவில்லை.

ஸ்டைகரின் பிரிவினை அதனால்தான் முக்கியம். நிதி திரட்டுபவர் ஒருவர், செய்தியை முடிவு செய்பவர் இன்னொருவர். சின்ன அமைப்புகளில் இரண்டு சம்பளத்துக்குப் பணம் இருக்காது. இரண்டு தொப்பியையும் ஒரே தலையில் வைப்பார்கள். அண்ணனுக்கு வந்திருப்பதும் அப்படிப்பட்ட பதவிதான்.

பெரிய அமைப்புகளும் இதிலிருந்து தப்பவில்லை. வாஷிங்டனின் நியூ அமெரிக்கா என்ற கொள்கை ஆய்வு நிறுவனத்தில் 2017-ல் நடந்ததைப் பாருங்கள். கூகுள் மீது ஐரோப்பிய ஒன்றியம் விதித்த அபராதத்தை அங்கிருந்த ஆய்வாளர் பாரி லின் பாராட்டி எழுதினார். சில வாரங்களில் அவரும் அவர் குழுவும் வெளியேற வேண்டியதாயிற்று. கூகுளும் அதன் தலைவராக இருந்த எரிக் ஷ்மிட்டும் அந்த நிறுவனத்துக்குப் பெரிய நன்கொடையாளர்கள். நன்கொடைக்கும் வெளியேற்றத்துக்கும் சம்பந்தமில்லை என்று நிறுவனம் மறுத்தது. மறுப்பு உண்மையாகவே இருக்கட்டும். அப்படியொரு கேள்வி எழுந்துவிட்டால் அதற்குப் பதில் சொல்லிக்கொண்டிருப்பதே தலைவரின் முழுநேர வேலையாகிவிடும்.

கருத்துச் சண்டையே இல்லாமல் வெறும் கணக்கிலும் கப்பல் மூழ்கலாம். லண்டன் 'அப்சர்வர்' ஆசிரியராக இருந்த வில் ஹட்டன் 2000-ல் இண்டஸ்ட்ரியல் சொசைட்டி என்ற பழைய அமைப்புக்குத் தலைமைச் செயல் அலுவலராகப் போனார். அதன் பயிற்சித் தொழிலை விற்றுவிட்டு, 'ஒர்க் ஃபவுண்டேஷன்' என்று பெயர் மாற்றி, வேலை உலகைப் பற்றிய ஆய்வு நிறுவனமாக்கினார்கள். நல்ல ஆய்வுகள் வந்தன. ஆனால் பழைய ஊழியர்களின் ஓய்வூதியப் பற்றாக்குறை அடியில் கிடந்தது. 2010-ல் நிறுவனம் நொடித்துப்போய், லங்காஸ்டர் பல்கலைக்கழகம் வாங்கிக்கொண்டது. ஓர் ஆசிரியருக்கு இருப்புநிலைக் குறிப்பு படிக்க யாரும் கற்றுக்கொடுப்பதில்லை. மற்றவர்களின் ஊழலைக் கண்டுபிடிக்கும் அளவுக்குத் தெரியும். நாம் போய் உட்காரப் போகும் வீட்டின் அஸ்திவாரத்தைப் பார்க்கும் அளவுக்குத் தெரியுமா என்பது வேறு.

ஹட்டன் அடுத்த ஆண்டே ஆக்ஸ்போர்டின் ஹெர்ட்ஃபோர்ட் கல்லூரி முதல்வராகி, 2020 வரை இருந்தார்.

நம் நாட்டில் சட்டமும் சேர்ந்துகொள்கிறது. வெளிநாட்டு நன்கொடை ஒழுங்குமுறைச் சட்டப்படி, பதிவு பெற்ற செய்தித்தாளின் ஆசிரியரோ நிருபரோ உரிமையாளரோ வெளிநாட்டு நிதி வாங்க முடியாது. மின்னணு வழியில் ஒலி, காட்சிச் செய்தி தயாரிக்கும் அமைப்புகளுக்கும் அதே தடை. 2020 திருத்தத்துக்குப் பிறகு ஓர் அமைப்பு வாங்கிய வெளிநாட்டு நிதியை இன்னொரு அமைப்புக்குக் கைமாற்றவும் முடியாது. நிர்வாகச் செலவுக்கு 50 சதவீதம் வரை இருந்த அனுமதி 20 சதவீதமாகிவிட்டது. நிறுவனங்களின் சமூகப் பொறுப்பு நிதி இருக்கிறதே என்று கேட்கலாம். அந்த நிதியை எதற்கெல்லாம் செலவிடலாம் என்று சொல்லும் கம்பெனிகள் சட்டத்தின் ஏழாம் அட்டவணையில் கல்வி இருக்கிறது, சுகாதாரம் இருக்கிறது, சுற்றுச்சூழல் இருக்கிறது; இதழியல் என்று ஒன்று தனியாக இல்லை. ஆக, உள்ளூர் நன்கொடையாளர்கள், வாசகர் சந்தா, ஒருசில இந்திய அறக்கட்டளைகள். அமெரிக்காவில் ஸ்டைகர் செய்ததை இங்கே அப்படியே செய்யலாம் என்று யாராவது சொன்னால், முதலில் இந்த ஒரு பத்தியைக் காட்டுங்கள்.

சம்பளம், கார், குடியிருப்பு போன்றவற்றில் பல்கலைக்கழகம்தான் பெரும்பாலும் மேல். இதில் விவாதிக்க ஒன்றுமில்லை.

எதை முதலில் செய்வது என்பதில் எனக்கு உறுதியான கருத்து உண்டு. 'வாஷிங்டன் போஸ்ட்' நிர்வாக ஆசிரியராக இருந்த ஸ்டீவ் கோல் 2007 முதல் 2012 வரை அதே நியூ அமெரிக்காவை நடத்திவிட்டு (மேலே சொன்ன தகராறு அவர் காலத்துக்குப் பிந்தியது), 2013-ல் கொலம்பியா இதழியல் பள்ளியின் டீன் ஆனார், 2022 வரை இருந்தார். ஹட்டனும் அதே வரிசைதான்: பத்திரிகை, அறக்கட்டளை, பல்கலைக்கழகம். சித்தார்த் வரதராஜன் மாற்றிப் போனார். 2013-ல் 'தி இந்து' ஆசிரியர் பதவியை விட்டபின் சிவ் நாடார் பல்கலைக்கழகத்தில் கொஞ்ச காலம், பிறகு 2015-ல் லாப நோக்கமற்ற நிறுவனத்தின் கீழ் 'தி வயர்' செய்தி இணையதளம். அவருக்கு அந்த இடைவெளி இரண்டு ஆண்டுதான்.

இடைவெளி நீண்டால் ஆபத்து. ஆசிரியரின் செல்வம் அவருடைய தொடர்புகள். மாவட்டத்துக்கு ஒரு நிருபர், போனை எடுக்கும் அதிகாரி, நம்பிப் பேசும் தொழிற்சங்கக்காரர். நாற்காலியை விட்ட நான்காவது ஆண்டில் அதில் பாதி போய்விடும். அதிகாரிகள் மாறிவிடுவார்கள், நிருபர்கள் வேறு வேலைக்குப் போய்விடுவார்கள். அந்தச் செல்வம் சூடாக இருக்கும்போதே செலவழிக்க வேண்டிய இடம் அறக்கட்டளை. வகுப்பறைக்கு அந்த அவசரம் இல்லை. ஐம்பத்தெட்டிலும் அறுபதிலும் போனாலும், சொல்ல அனுபவம் கூடியிருக்குமே தவிரக் குறைந்திருக்காது.

இந்த இரண்டிலும் சேராத ஒரு வழியும் உண்டு. ஐராவதம் மகாதேவன் 1987 முதல் 1991 வரை 'தினமணி' ஆசிரியராக இருந்தார். அதன் பிறகு தமிழ் பிராமிக் கல்வெட்டுகளுக்கே திரும்பி, 2003-ல் அவற்றைப் பற்றிய பெரும் நூலை வெளியிட்டார். ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்தில் சிந்துவெளி ஆய்வு மையம் உருவானதிலும் அவருக்குப் பெரும் பங்கு. ஆனால் அவர் ஐ.ஏ.எஸ். பணியிலிருந்து ஆய்வுக்கும், ஆய்விலிருந்து பத்திரிகைக்கும் வந்தவர். திரும்பிப் போக அவருக்கு ஒரு வீடு ஏற்கெனவே இருந்தது. டெஸ்க்கைத் தவிர வேறெதுவும் தெரியாத எங்களைப் போன்றவர்களுக்கு அது வாய்ப்பதில்லை.

அண்ணனிடம் இதையெல்லாம் சொன்னபோது நெடுநேரம் பேசாமல் இருந்தார். பிறகு, "நெல்லையில ஒரு பையன் இருக்கான், தாமிரபரணி மணல் பத்தி ஆறு மாசமா கிண்டிட்டு இருக்கான். நான் போயிட்டா அது எங்கயும் வராது" என்றார். எனக்கு அதுவே பதிலாகப் பட்டது. அறக்கட்டளைக்குப் போகச் சொன்னேன், மூன்று நிபந்தனைகளோடு. மூன்று ஆண்டுக்கான பணம் இப்போதே கையிலோ எழுத்திலோ இருக்க வேண்டும். எந்த நன்கொடையாளரின் பங்கும் மொத்தத்தில் கால்வாசியைத் தாண்டக் கூடாது. நிதி திரட்ட, பகுதி நேரமாகவாவது, தனியாக ஓர் ஆள் வேண்டும். பல்கலைக்கழகத்துக்கு, துறைத் தலைவர் பதவி வேண்டாம், வாரம் ஒரு நாள் வந்து செய்தி எழுதுவது பற்றி வகுப்பு எடுக்கிறேன் என்று பதில் எழுதச் சொன்னேன்.

கடைசி மூன்று ஆண்டுத் தணிக்கை அறிக்கையைக் கேட்டு அறக்கட்டளைக்குக் கடிதம் போட்டிருக்கிறார். வந்ததும் எனக்கும் ஒரு நகல் அனுப்புவார். என் கல்லூரி நண்பர் ஒருவர் ஆடிட்டர். அடுத்த ஞாயிற்றுக்கிழமை மூவரும் உட்கார்ந்து அதை வரிவரியாகப் பார்க்கப் போகிறோம்.